தப்புக்கு இடம் தராத லீவர்

விருதுநகரிலிருந்து சிவகாசி, ராஜபாளையம் வழியாகத் தென்காசி செல்லும் ரயில் பாதை 1927-ல் திறக்கப்பட்டது. சிவகாசியில் தீப்பெட்டித் தொழில் காலூன்றிச் சில ஆண்டுகளே ஆகியிருந்த நேரம். ஒற்றைப் பாதை, எதிரெதிரே வரும் வண்டிகள் நிலையத்தில்தான் விலகிக்கொள்ள முடியும். இத்தகைய பாதைகளைக் காத்தது கேபின்காரரின் கூர்ந்த கவனம் என்றே நினைக்கிறோம். கவனம் தேவைதான், ஆனால் அதை மட்டும் நம்பி யாரும் வண்டி விடவில்லை. மீட்டர்கேஜ் காலத்தில் பரவலாக இருந்த நீல் டோக்கன் கருவியைப் பாருங்கள். அடுத்தடுத்த இரு நிலையங்களிலும் ஒவ்வொன்று இருக்கும். இங்குள்ள ஸ்டேஷன் மாஸ்டர் மணியடித்து லைன் கிளியர், அதாவது வண்டி விட அனுமதி, கேட்பார். அங்குள்ளவர் இசைந்து தம் கருவியை இயக்கினால்தான் இங்கே ஓர் இரும்பு உருண்டை வெளியே வரும். அது பிரம்பு வளையத்தில் கோத்த பையில் டிரைவர் கைக்குப் போகும். அந்த உருண்டை மீண்டும் கருவிக்குள் போகும்வரை இரு பக்கமும் வேறொன்று வராது. லீவர்கள் இருக்கும் கேபினிலும் இதே சூட்சுமம்தான். 1856-ல் ஜான் சாக்ஸ்பி இங்கிலாந்தில் காப்புரிமை பெற்ற இன்டர்லாக்கிங் வழி வந்த ஏற்பாடு அது: வண்டியைப் பாதை மாற்றும் பாயிண்ட் சரியாகப் பொருந்திப் பூட்டினாலொழிய கைகாட்டி லீவர் அசையாது, கைகாட்டி இறங்கிவிட்டால் பாயிண்ட் லீவர் நகராது.

எல்லாவற்றையும் இரும்பே பார்த்துக்கொண்டால் ஆள் எதற்கு? இரும்புக்குக் கண் கிடையாது. இணைப்பு அறுந்து இரண்டு சரக்குப் பெட்டிகள் நடுவழியில் நின்றுவிட்டாலும் எஞ்சினோடு உருண்டை வந்துசேர்ந்துவிடும், பாதையோ காலியாகியிருக்காது. அதனால் பகலில் கடைசிப் பெட்டியின் அடையாளப் பலகையையும் இரவில் சிவப்பு விளக்கையும் கண்ணால் பார்த்த பிறகே 'வண்டி வந்தது' என்று சொல்லலாம். அச்சுகளை எண்ணும் ஆக்ஸில் கவுண்டர் வரும்வரை இதற்குப் பெரும்பாலும் மாற்றில்லை. லீவர் இழுப்பதைவிட இதுவே பொறுப்பான வேலை என்பேன்.

அப்படியானால் கைசால் ரயில் விபத்து எப்படி நடந்தது என்று கேட்கலாம். 1999 ஆகஸ்ட் 2-ல் மேற்கு வங்கத்தில் அவத் அசாம் எக்ஸ்பிரஸும் பிரம்மபுத்திரா மெயிலும் மோதி 280 பேருக்கு மேல் இறந்தார்கள். அவற்றில் ஒரு வண்டி கடந்து வந்திருந்த கிஷன்கஞ்ச் நிலையத்தில் வேலை நடந்ததால் இன்டர்லாக்கிங் துண்டிக்கப்பட்டிருந்தது. தவறான பாதையில் போன வண்டியைத் தடுக்கப் பூட்டு இல்லை, மனிதக் கவனம் மட்டுமே இருந்தது. மின்னணுக் காலம் வந்ததும் கவலை தீர்ந்துவிடவில்லை. 2023 ஜூன் 2-ல் ஒடிசாவின் பாஹாநகா பஜாரில் நடந்த விபத்தில் பாயிண்ட் பக்கப் பாதைக்குத் திரும்பியிருக்க, சிக்னலோ நேர்ப்பாதைக்குப் பச்சை காட்டியது. முன்பு நடந்த சர்க்யூட் வேலையில் வயர்கள் தவறாக இணைக்கப்பட்டிருந்தன.