ஐல்ஹார்ட்: ஒரு பெயரின் வரலாறு

கனிம வேதியியல் நூல்களில் மிட்செர்லிக் விதி என்றொரு விதி உண்டு. வெவ்வேறு தனிமங்களைக் கொண்ட இரு உப்புகளில் அணுக்கள் ஒரே எண்ணிக்கையில், ஒரே முறையில் சேர்ந்திருக்குமாயின், அவற்றின் படிகங்களும் ஒத்த வடிவில் அமையும் என்பது அதன் சாரம். தேர்வுக்கு இவ்வளவு போதும். விதியைக் கண்டவரின் குடும்பப் பெயர் மட்டுமே நம் குறிப்பேட்டில் ஏறுகிறது. பெற்றோர் அவருக்கு இட்ட பெயர் ஐல்ஹார்ட். ஜெர்மானிய மொழியினத்தின் மிகப் பழைய ஆண்பாற் பெயர்களுள் ஒன்று அது. இன்று ஜெர்மனியிலேயே அதைத் தாங்கியவரைக் காண்பது அரிது. அப்பெயரின் பொருள் யாது, அது எங்ஙனம் பிறந்து எங்ஙனம் தேய்ந்தது என்பதை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

முதலில் ஒலிப்பு. ஆங்கில எழுத்துக்கூட்டலைப் பார்த்து நாம் 'எயில்ஹார்டு' என்று படித்துவிடுவோம். ஜெர்மன் மொழியில் அந்த முதலெழுத்துகளுக்கு 'ஐ' என்பதே ஒலி. 'எயில்' என்று படித்தவுடன் தமிழ் படித்தவர் மனம் துள்ளும். எயில் என்றால் மதில், கோட்டை. ஹார்ட் என்றால் ஆங்கிலத்தில் உறுதி. ஆகவே 'உறுதியான கோட்டை' என்று பொருள் சொல்லிவிடலாம் போலத் தோன்றும். கேட்பதற்கு இனிமைதான். ஆனால் இவ்வாறு ஓசை ஒத்திருப்பதைக் கொண்டு உறவு கொண்டாடுவது மொழியாராய்ச்சி ஆகாது. இரு மொழிச் சொற்களிடையே ஓர் ஒலி மாறும்போது அதே மாற்றம் பல சொற்களில் ஒழுங்காக நிகழ்ந்திருக்கவேண்டும். அப்போதுதான் அது சான்று.

அத்தகைய ஒழுங்கு ஒன்றை யாக்கோப் கிரிம் என்ற ஜெர்மானிய அறிஞர் 1822-இல் விரிவாக எடுத்துக்காட்டினார். சிறுவர்களுக்கான நாட்டுக்கதைகளைத் தம் தம்பியுடன் சேர்ந்து தொகுத்தாரே, அதே கிரிம்தான். லத்தீனிலும் கிரேக்கத்திலும் சொல்லின் முதலில் 'க' ஒலி வரும் இடத்தில் ஜெர்மானிய மொழிகளில் 'ஹ' ஒலி வரும் என்பது அவர் கண்டவற்றுள் ஒன்று. லத்தீனில் கொம்புக்குக் 'கோர்னு', ஆங்கிலத்தில் 'ஹார்ன்'. லத்தீனில் நூறுக்குக் 'கெண்டும்', ஆங்கிலத்தில் 'ஹண்ட்ரெட்'. இவ்வழியே நோக்கினால் நம் பெயரின் பின்பாதியான 'ஹார்ட்' என்பதும், வலிமை, ஆட்சி எனப் பொருள்படும் கிரேக்கக் 'கிராட்டோஸ்' என்பதும் ஒரு வேரினவாகக் கொள்ளப்படுகின்றன. டெமாக்ரசி என்னும் சொல்லின் வால் அந்தக் கிராட்டோஸ்தான். பழைய ஜெர்மானியப் பெயர்களில் 'ஹார்ட்' என்பதற்கு வெறும் கடினம் என்பதைவிட வன்மை, துணிவு என்னும் பொருளே பொருந்தும்.

முன்பாதியாகிய 'ஐல்' சற்றுச் சிக்கலானது. அதன் பழைய வடிவம் 'அகில்'. நறுமணம் கமழும் நம் அகில் கட்டையை இங்கே கொண்டுவந்துவிடக் கூடாது! இந்த 'அகி, அகில்' என்னும் பெயருறுப்புக்கு அறிஞர்கள் இருவகையாக வேர் காட்டுகின்றனர். அச்சம், பேரச்சம் என்னும் பொருளுடைய சொல்லினின்று வந்தது என்பது ஒன்று. வாளின் கூர்முனை அல்லது விளிம்பு என்னும் பொருளுடைய சொல்லினின்று வந்தது என்பது மற்றொன்று. இரண்டும் பெயர்களில் ஒன்றோடொன்று கலந்துவிட்டன எனலாம். வாள்முனை என்று கொண்டால், ஆங்கில 'எட்ஜ்' இதற்கு உடன்பிறப்பு. ஜெர்மனில் மூலையைக் குறிக்கும் 'எக்கெ'யும் அவ்வாறே. கூர்மையைக் குறித்த அதே மூலவேர் லத்தீனில் புளிப்பையும் குறித்தது. நாவில் கூராகத் தைப்பதுதானே புளிப்பு? அங்கிருந்து பிறந்ததுதான் 'ஆசிட்' என்னும் சொல். ஆய்வகத்தில் நாள்தோறும் கையாளும் ஆசிடும், 1827-இல் செலீனிக் அமிலத்தைக் கண்டறிந்த வேதியியலாரின் பெயரும் ஒரு கூர்மையிலிருந்து கிளைத்தவை என்று எண்ணுவது வேதியியல் மாணவனுக்கு இனிக்கத்தானே செய்யும்?

'அகில்' எவ்வாறு 'ஐல்' ஆயிற்று? பின்னால் வரும் இகரத்தின் இழுப்பால் அகரம் எகரமாயிற்று. பிறகு இரு உயிர்களுக்கு நடுவே நின்ற 'க' ஒலி மெலிந்து மறைந்தது. ரெகின்ஹார்ட் என்பது ரைன்ஹார்ட் ஆனதும், மெகின்ஹார்ட் என்பது மைன்ஹார்ட் ஆனதும் இதே வழியில்தான். ஆங்கிலத்திலும் இத்தகைய தேய்வு உண்டு. ஜெர்மன் மழையான 'ரேகன்' ஆங்கிலத்தில் 'ரெய்ன்'. ஜெர்மன் ஆணியான 'நாகல்' ஆங்கிலத்தில் 'நெய்ல்'. நமக்கு இது புதுமையன்று. பகுதி என்பது பாதி என்றும், மிகுதி என்பது மீதி என்றும் தமிழிலும் இடையில் நின்ற 'கு' மறைந்திருக்கிறதன்றோ?

ஆக, அச்சம் அல்லது வாள்முனை ஒருபுறம், வன்மை மறுபுறம். பெயர்ப்பொருள் கூறும் சிறு நூல்கள் 'வாளில் வல்லவன்' என்றோ 'வாள்முனைபோல் உறுதியானவன்' என்றோ எழுதி முடித்துவிடும். அது பாதி உண்மைதான். பழைய ஜெர்மானியர் பெயரை ஒரு வாக்கியமாக அமைக்கவில்லை. அவர்களிடம் பெயருறுப்புகள் பல இருந்தன: போர், அமைதி, ஈட்டி, கரடி, ஓநாய், காக்கை, படை, அறிவுரை, புகழ். இவற்றுள் இரண்டை எடுத்துச் சேர்ப்பார்கள். சேர்க்கையால் பொருள் வருகிறதா என்று பார்ப்பதில்லை. ஆறாம் நூற்றாண்டில் பிராங்கியரின் அரசியாக விளங்கிய பிரெடகுண்ட் என்பவளின் பெயரைப் பிரித்தால் 'அமைதி', 'போர்' என்று வரும். ஹில்டகுண்ட் என்பதைப் பிரித்தால் 'போர்', 'போர்' என்றே வரும்! வோல்ஃப்ராம் என்பது ஓநாயும் அண்டங்காக்கையும். இவற்றுக்கு வாக்கியமாகப் பொருள் சொல்லப் புகுவது வீண்வேலை.

இங்கேதான் மிட்செர்லிக் விதி நினைவுக்கு வருகிறது. பொட்டாசியம் பாஸ்பேட்டில் பாஸ்பரசு இருக்கும் இடத்தில் ஆர்செனிக்கு வந்து அமர்ந்தாலும் படிகத்தின் வடிவம் மாறுவதில்லை. அதுபோலவே 'ஹார்ட்' நிலைத்து நிற்க, முன்பாதி மட்டும் மாறிமாறி வரும். கரடி வந்தால் பெர்ன்ஹார்ட், ஈட்டி வந்தால் கெர்ஹார்ட், முனை வந்தால் எக்ஹார்ட், லத்தீனிலிருந்து சிங்கத்தைக் கடன் வாங்கினால் லியோன்ஹார்ட். கணித மாணவர்கள் தொழும் பெர்ன்ஹார்ட் ரீமானும் லியோன்ஹார்ட் ஆய்லரும் நம் ஐல்ஹார்டின் ஒத்த படிகங்களே.

அப்படியானால் இப்பெயர்களில் பெற்றோர் எதைத் தேடினர்? உறவை. தந்தை பெயரின் ஒரு பாதி, தாய் பெயரின் ஒரு பாதி. அல்லது பாட்டன், தந்தை, மகன் மூவர்க்கும் பொதுவான ஓர் உறுப்பு. இங்கிலாந்தில் 1095-இல் மறைந்த ஆயர் வுல்ஃப்ஸ்டனின் தந்தை பெயர் ஏதல்ஸ்டன், தாய் பெயர் வுல்ஃப்கிஃபு. இருவரையும் மகன் தன் பெயரிலேயே சுமந்தார். ஒன்பதாம் நூற்றாண்டில் ஏட்டில் எழுதப்பட்ட ஹில்டபிராண்ட் பாடல் என்னும் பழம்பாட்டில், இரு படைகளுக்கு நடுவே ஒரு முதியவனும் ஓர் இளைஞனும் எதிர்ப்படுகின்றனர். வாளெடுக்குமுன் முதியவன் இளைஞனின் தந்தை யார் என்று கேட்கிறான். இளைஞன் ஹதுபிராண்ட், அவன் தந்தை ஹில்டபிராண்ட், அவனுக்குத் தந்தை ஹெரிபிராண்ட். மூன்று தலைமுறைக்கும் 'பிராண்ட்' பொது. மூன்றும் 'ஹ' ஒலியில் தொடங்குகின்றன. கேட்டவனே தந்தை! தந்தை இறந்துவிட்டார் என்று நம்பும் மகன் அதை ஏற்க மறுக்கிறான். இருவரும் பொருதத் தொடங்குகின்றனர். ஏடு முடிவு பெறாமல் நின்றுவிடுகிறது. பெயர் உறவைச் சொல்லியும் மனிதன் நம்பாவிட்டால் என்ன செய்வது?

நிற்க. ஐல்ஹார்ட் என்னும் பெயரைத் தாங்கியவர்களுள் பழமையால் புகழ்பெற்றவர் பன்னிரண்டாம் நூற்றாண்டுக் கவிஞர் ஐல்ஹார்ட் பான் ஓபர்கே. டிரிஸ்டன் என்னும் வீரனின் காதற்கதையை ஜெர்மன் மொழியில் பாடியவர். அவர் காலத்துக்குப் பின் இத்தகைய பழம்பெயர்கள் தேயத் தொடங்கின. திருச்சபைப் புனிதர்களின் பெயர்களை இடும் வழக்கம் பரவியது. யோஹான், நிக்கோலாஸ், பீட்டர் என்பனவே எங்கும் ஒலித்தன. தொலைவில் வடகடலோரத்தில் வாழ்ந்த பிரீசிய மக்களிடையே மட்டும் பழம்பெயர்கள் பல நீடித்தன. அங்கே ஐல்ஹார்ட் என்பது ஐலர்ட் எனச் சுருங்கியது. அப்பகுதியில் 1811-இல் நெப்போலியன் ஆணை வரும்வரை பெரும்பாலோர்க்கு நிலையான குடும்பப் பெயர் கிடையாது. ஐலர்ட்டின் மகன் யான் என்றால் யான் ஐலர்ட்ஸ், அவ்வளவுதான். தந்தை பெயரை முன்னெழுத்தாக இடும் நமக்கு இதில் வியப்பில்லை. ஐலர்ஸ் என்று இன்று வழங்கும் குடும்பப் பெயர் அதன் எச்சம். ஐலர்ட் என்ற வடிவம் கடல் கடந்து நார்வேக்கும் சென்றது. இப்சன் 1890-இல் வெளியிட்ட 'ஹெட்டா காப்ளர்' நாடகத்தில் கையெழுத்துப் பிரதியை இழந்து அழியும் அறிஞனின் பெயர் அதுவே.

பத்தொன்பதாம் நூற்றாண்டில் நாட்டுப்பற்று மேலோங்கியபோது பழம்பெயர்களுக்கு மீண்டும் மதிப்பு வந்தது. அது இலக்கிய ஆர்வமாக இருந்தவரை கேடில்லை. ஹிட்லர் ஆட்சியிலோ பெயர் என்பது பிறப்பைப் பிரிக்கும் வேலியாயிற்று. யூதர்களை அடையாளம் காட்டாத பெயர் உடைய யூத ஆண்கள் 'இஸ்ரேல்' என்றும் பெண்கள் 'சாரா' என்றும் கூடுதல் பெயர் சேர்த்துக்கொள்ள வேண்டும் என 1938 ஆகஸ்டில் ஆணை பிறந்தது. 1939 சனவரி முதல் அது நடைமுறைக்கு வந்தது. உறவைக் காட்டப் பிறந்த பெயரை ஓர் அரசு இப்படியும் பயன்படுத்தியது.

இனி நம் வேதியியலாரிடம் வருவோம். அவர் 1794-இல் பிறந்த நோயெண்டே என்னும் ஊர் அந்த வடகடலோரத்தில்தான் உள்ளது. பின்னாளில் வில்ஹெல்ம்ஸ்ஹாவன் நகரோடு சேர்ந்துவிட்டது. தந்தை ஒரு சமய போதகர். மகன் முதலில் படித்தது வேதியியலன்று, பாரசீக மொழி! பாரசீகத்துக்குச் செல்லவிருந்த பிரெஞ்சுத் தூதுக்குழுவில் இடம்பெறும் ஆசையோடு 1813-இல் பாரிசுக்குப் போனார். நெப்போலியன் வீழ்ந்தார், தூதுக்குழுவும் இல்லையாயிற்று. மருத்துவனாகவேனும் கிழக்கே செல்லலாம் என்று கெட்டிங்கனில் மருத்துவம் படிக்கப் புகுந்தவரை வேதியியல் பிடித்துக்கொண்டது. பெர்லினில் பாஸ்பேட்டுகளையும் ஆர்செனேட்டுகளையும் படிகமாக்கிப் பார்க்கையில் இரண்டும் ஒத்த வடிவில் இருக்கக் கண்டார். 1819-இல் அதை அறிவித்தார். அணு எடைகளைத் திருத்த முயன்றுகொண்டிருந்த சுவீடன் நாட்டுப் பெர்சீலியசுக்கு இவ்விதி பெருந்துணையாயிற்று. பென்சாயிக் அமிலத்தைச் சுண்ணாம்போடு சேர்த்து வாலைவடித்துப் பென்சீனைப் பெற்று, 1833-இல் அதற்குப் 'பென்சின்' என்று பெயரிட்டவரும் இவரே. பென்சாயின் என்பது நம் வீட்டுச் சாம்பிராணி. அச்சொல்லின் மூலம் 'சாவகத்து நறும்புகை' எனப் பொருள்படும் அரபுத் தொடர் 'லுபான் ஜாவி'. கிழக்கே போகாதவர் சூட்டிய பெயரில் கிழக்கு வந்து உட்கார்ந்துகொண்டது.

அவர் 1863-இல் மறைந்தார். மகன்களுள் ஒருவரான வேதியியலார்க்குக் கிரேக்கப் பெயரான அலெக்சாண்டர் வாய்த்தது. ஐல்ஹார்ட் என்னும் பெயர் ஒரு தலைமுறை தாண்டிப் பேரர்களிடம் சென்றது. தமிழில் பேரன் என்ற சொல்லே 'பெயரன்', அதாவது பாட்டன் பெயரைத் தாங்கியவன் என்பதிலிருந்து வந்ததுதான். என் பாட்டனார் கைநாட்டு வைத்தவர். அவர் பெயரைத்தான் கல்லூரிப் பதிவேட்டில் நான் கையொப்பமாக இடுகிறேன். ஆகவே இவ்வழக்கத்தின் அருமையை எனக்கு எவரும் விளக்கத் தேவையில்லை.

பேரர்களுள் ஒருவர் ஐல்ஹார்ட் ஆல்ஃபிரட் மிட்செர்லிக் (1874–1956). வேளாண் அறிஞர். உரத்தை மேலும் மேலும் இட்டால் விளைச்சல் அதே அளவில் கூடிக்கொண்டே போகாது, ஒவ்வொரு தவணைக்கும் கிடைக்கும் கூடுதல் குறைந்துகொண்டே வரும் என்பதைக் கணிதச் சமன்பாடாக வடித்தவர். உழவியல் மாணவர்களுக்கு மிட்செர்லிக் என்றால் இவரே.

மற்றவர் மகள் வயிற்றுப் பேரர், ஐல்ஹார்ட் வீடமான் (1852–1928). உலோகங்களின் வெப்பக் கடத்தலையும் மின் கடத்தலையும் இணைக்கும் வீடமான்–பிரான்ஸ் விதியை இயற்பியலில் படிக்கிறோமே, அந்த வீடமானின் மகன். வெப்பத்தால் அன்றிப் பிற காரணங்களால் பொருள்கள் ஒளிர்வதற்கு 1888-இல் 'லூமினசென்ஸ்' என்று பெயர் சூட்டியவர் இவர். எர்லாங்கன் பல்கலைக்கழகத்தில் இயற்பியல் கற்பித்துக்கொண்டே அரபு மொழியைக் கற்று, இடைக்கால இஸ்லாமிய அறிஞர்களின் ஒளியியல், தராசு, நீர்க்கடிகாரம் பற்றிய ஏடுகளை ஜெர்மனில் பெயர்த்து ஆண்டுக்கணக்கில் எழுதிவந்தார். பாட்டனார் போக விரும்பிப் போகாத கிழக்கிற்கு, அதே பெயருடைய பேரர் ஏடுகளின் வழியே போனார்.