ஏட்டுப் பெட்டியும் ஈரலிப்பும்

ஒருபுறம் கடலும் மறுபுறம் வாவியும் சூழ்ந்த எமது மட்டக்களப்பிலே நிலவறை அமைத்து வாழ்வார் அரியர். சிறிது தோண்டினும் நீர் ஊறும் மணல் நிலம் இது. ஆயினும் ஐப்பசி தொடங்கித் தை வரையும் பெய்யும் மாரியிலே எம் வீடுகளின் உள்ளறைகள் நிலவறை போலவே ஈரித்துவிடுகின்றன.

எமது இல்லத்திலே கண்ணகி வழக்குரை ஏடொன்று தலைமுறைகளாகப் பேணப்பட்டு வந்தது. வைகாசிச் சடங்கு முடிந்ததும் எம் தந்தையார் அதனைப் பெட்டியில் வைத்துப் பூட்டுவார். அவருக்குப் பின் ஒரு மாரியிலே அப்பெட்டியை வெறுந்தரையிற் சுவரோடு ஒட்டி வைத்துவிட்டோம். தை பிறந்து திறந்தபோது ஓலைகள் ஒன்றோடொன்று ஒட்டிப் பூஞ்சணம் படர்ந்திருந்தன. பண்டிதர் வீ. சீ. கந்தையா அவர்கள் 1968 இல் பதிப்பித்தமையால் நூல் அச்சிலே கிடைக்கின்றது. முன்னோர் கைப்பட எழுதிய எம் ஏடு இனிக் கிடையாது. இத்தகைய இழப்புப் பிறர்க்கு நேராதிருத்தல் வேண்டுமென்பதற்காகவே இதனை எழுதுகின்றோம்.

ஈரம் மூன்று வழிகளால் வரும். முதலாவது, நிலத்து நீர் தரையிலும் சுவரிலும் நுண்துளைகள் வழியே மேலேறுதல். இரண்டாவது, காற்றிலுள்ள நீராவி குளிர்ந்த பரப்பிற் படிதல். ஒரு கனமீற்றர் காற்று 30 பாகை சென்ரிகிரேட்டில் ஏறக்குறைய 30 கிராம் நீராவியைக் கொள்ளும். 25 பாகையிலோ 23 கிராமே கொள்ளும். ஆதலின் வெப்பமான ஈரக்காற்றுக் குளிர்ந்த தரையைத் தொட்டவுடன் மிகை நீர் துளிக்கின்றது. மூன்றாவது உப்பு. கடல் மணல் கலந்து பூசிய சுவரிலுள்ள உப்பு, காற்றின் ஈரப்பதன் 75 வீதத்தைக் கடந்ததும் நீரை ஈர்த்துக் கசியும். ஈரப்பதன் 70 வீதத்துக்கு மேல் நாட்கணக்கில் நிலைப்பின் பூஞ்சணம் தோன்றும்.

வழியறிந்தபின் தடுத்தல் எளிது. வீடு கட்டுவோர் அத்திவாரத்தின் மேல் நீர்புகாப் படலம் இடுக. கடல் மணலைத் தவிர்க்க. கூரை நீர் சுவரடியில் விழாது வாய்க்காலால் அகற்றுக. பெட்டியும் அலுமாரியும் தரையினின்று ஒரு சாணும் சுவரினின்று நான்கு விரலும் விலகி நிற்றல் வேண்டும்.

மழை நாளிற் காற்றோட்டம் நன்றெனக் கருதிப் புத்தக அறையைத் திறந்து வைப்பார் உளர். அது நீராவியை உள்ளே அழைப்பதாகும். மலைநாட்டைக் கடந்து உலர்ந்து வரும் கச்சான் வீசும் ஆனி, ஆடி மாதங்களே ஏடுகளையும் நூல்களையும் நிழலிற் பரப்பி ஆற்றுதற்கு உரிய காலம்.

மாரியில் மூடிய அலுமாரியின் அடித்தட்டிலே நீறாத சுண்ணாம்பை ஒரு சட்டியில் அரைப்பங்கு இட்டு வைக்கலாம். ஒரு கிலோ சுண்ணாம்பு ஏறத்தாழ 320 கிராம் நீரை ஏற்றுப் பொடியாகும், பொடியானதும் மாற்றுக. நீர் பட்டாற் கொதிக்குமாதலின் சிறுவர்க்கு எட்டாது வைத்தல் அவசியம்.

பழைய மாணவர்களே, உங்கள் இல்லப் பரணிலும் பெட்டியிலும் ஏடுகளும் உறுதிகளும் இருக்கக்கூடும். அடுத்த மாரிக்கு முன் ஒருமுறை திறந்து பாருங்கள்.