கேமராப் பதிவும் நமது கணக்கேடுதான்

மண்டிக்கு வந்திறங்கும் மூட்டையின் மேல் சில எழுத்துகளும் எண்களும் குறியாக இருக்கும். வெளியாளுக்கு அது வெறும் கிறுக்கல். வணிகருக்கோ சரக்கு யாருடையது, என்ன ரகம் என்று பார்த்ததும் விளங்கிவிடும். நம் கடைகளில் உள்ள கண்காணிப்புக் கேமராவின் பதிவுகளும் அப்படித்தான்.

பதிவைப் பென் டிரைவில் எடுத்தால், "எக்ஸ்விஆர்_சிஎச்3_மெயின்_20250114183000_20250114190000.டிஏவி" என்பது போன்ற பெயர் ஆங்கில எழுத்தில் வரும். இதில் மர்மம் ஒன்றுமில்லை. முதலில் இருப்பது பதிவுக் கருவியின் வகை. 'சிஎச்3' என்றால் மூன்றாவது கேமரா. 'மெயின்' என்றால் முழுத் தரப் பதிவு. 'சப்' என்றிருந்தால் தரம் குறைந்தது. அடுத்த 14 இலக்கங்கள் தொடங்கிய நேரம்: 2025 ஜனவரி 14, மாலை 6.30. கடைசி 14 இலக்கங்கள் முடிந்த நேரம்: மாலை 7.00. கருவிக்குக் கருவி இம்முறை மாறும். சிலவற்றில் வரிசை எண் மட்டுமே இருக்கும்.

இதில் நாம் ஏன் அக்கறை கொள்ள வேண்டும்? 2020 ஜூனில் சாத்தான்குளத்தில் நம் வணிகச் சகோதரர்களான தந்தையும் மகனும் போலீஸ் காவலுக்குப் பின் உயிரிழந்ததை நாம் மறக்க முடியாது. அந்தக் காவல் நிலையத்தில் 1 டி.பி. கொள்ளளவுள்ள வட்டு இருந்தும், பதிவுகள் அன்றாடம் தானாக அழியும்படி அமைக்கப்பட்டிருந்ததாக விசாரித்த மாஜிஸ்திரேட் உயர் நீதிமன்றத்துக்கு அறிக்கை அளித்தார். கடைவீதிக் கேமராவில் பதிவானதோ நாடெங்கும் பேசப்பட்டது. அழிந்த பதிவு யாருக்கும் சாட்சி சொல்லாது.

நம் கருவிகளிலும் வட்டு நிறைந்ததும் பழைய பதிவின் மேல் புதியது ஏறிவிடும். ஒரு கேமரா விநாடிக்கு 2 மெகாபிட் வீதம் இடைவிடாமல் பதிந்தால் நாளொன்றுக்கு 21.6 ஜி.பி. ஆகும். நான்கு கேமராவுக்கு 1 டி.பி. வட்டு சுமார் 11 நாள்தான் தாங்கும். மூட்டை குறைந்ததென்று பதினைந்தாம் நாள் தேடினால் பயனில்லை.

ஆகவே நாம் கடைப்பிடிக்க வேண்டியவை:

1. எந்த எண் எந்தக் கேமரா (1 கல்லா, 2 வாசல், 3 குடோன்) என்று எழுதிக் கருவியின் அருகே ஒட்டி வையுங்கள்.

2. மாதம் ஒருமுறை கருவியின் கடிகாரத்தைச் சரிபாருங்கள். பதிவு எடுக்கும்போது நேரம் தவறாக இருந்தால், எத்தனை நிமிட வித்தியாசம் என்று குறித்துக்கொள்ளுங்கள்.

3. திருட்டு, எடைத் தகராறு, சரக்குக் குறைவு எதுவானாலும் அன்றைக்கே பதிவை எடுத்துவிடுங்கள். சம்பவத்துக்கு முன்னும் பின்னும் அரை மணி நேரம் சேர்த்து எடுப்பது நல்லது.

4. கோப்பின் பெயரை மாற்றாதீர்கள். தேதியும் நேரமும் அதில்தான் உள்ளன. அதை ஒரு ஃபோல்டரில் போட்டு, அந்த ஃபோல்டருக்கு '2025-01-14 குடோன் சரக்குக் குறைவு' எனப் பெயரிடுங்கள்.

5. சாதாரண பிளேயரில் ஓடவில்லை என்று கோப்பை அழித்துவிடாதீர்கள். கருவித் தயாரிப்பாளர் தரும் பிளேயரையும் அதே ஃபோல்டரில் வையுங்கள்.

6. வாட்ஸ்அப்பில் அனுப்பும் வீடியோ சுருக்கப்படுகிறது. அது பார்வைக்கு மட்டுமே. மூலப் பதிவை இரண்டு இடங்களில் பத்திரப்படுத்துங்கள்.

7. யார், எப்போது, எந்தக் கருவியிலிருந்து எடுத்தார் என்று ஒரு நோட்டில் பதியுங்கள்.

இந்த நோட்டு சட்டத்துக்கும் உதவும். 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய சாக்ஷிய சட்டத்தின் 63-ஆம் பிரிவின்படி, மின்னணுப் பதிவை நீதிமன்றத்தில் தரும்போது சான்றிதழும் தர வேண்டும். அதில் ஒரு பகுதி நம் தரப்பினுடையது, மற்றொன்று நிபுணருடையது. 'ஹாஷ்' எனப்படும் அடையாள எண்ணையும் அதில் குறிக்க வேண்டும். கோப்பின் உள்ளே சிறு மாற்றம் நேர்ந்தாலும் அந்த எண் மாறிவிடும். மூலத்தில் கை வைக்கக் கூடாது என்பதற்குக் காரணம் இதுவே.

பேரேட்டில் பக்கத்தைக் கிழித்த கணக்கை எந்த அதிகாரியும் ஏற்கமாட்டார். கேமராப் பதிவையும் அதே ஒழுங்கோடு காப்போம்.