புரோ கபடி லீக் 2017

புரோ கபடி லீக் 2017 என்பது இந்தியாவில் நடைபெறும் தொழில்முறை கபடித் தொடரான புரோ கபடி லீக்கின் ஐந்தாவது பருவம் ஆகும். இது 2017 சூலை 28 அன்று ஐதராபாத்தில் தொடங்கி, அக்டோபர் 28 அன்று சென்னையில் நிறைவடைந்தது. இறுதிப் போட்டியில் பாட்னா பைரேட்ஸ் அணி 55-38 என்ற புள்ளிக் கணக்கில் குஜராத் ஃபார்ச்சூன் ஜயண்ட்ஸ் அணியை வென்று, தொடர்ந்து மூன்றாவது முறையாக வாகையர் பட்டம் பெற்றது. தமிழ்நாட்டின் பெயரில் ஓர் அணி முதன்முதலாகக் களமிறங்கியதும், தமிழுக்கென அமைந்த விளையாட்டுத் தொலைக்காட்சி அலைவரிசை தொடங்கியதும் இதே ஆண்டில்தான். இதனால் தமிழ்நாட்டுக் கபடி வரலாற்றில் இப்பருவம் குறிப்பிடத்தக்கதாகிறது.

பின்னணி

சடுகுடு என்றும் அழைக்கப்படும் கபடி, தமிழ்நாட்டின் சிற்றூர்களில் மண் தரையில் ஆடப்பட்டு வரும் விளையாட்டு. இராசிபுரம், நாமகிரிப்பேட்டை முதலிய ஊர்களை உள்ளடக்கிய சேலம், நாமக்கல் சமவெளி போன்ற வேளாண் பகுதிகளில், பொங்கலையும் கோயில் திருவிழாக்களையும் ஒட்டிக் கபடிப் போட்டிகள் நடத்துவது வழக்கம். 1990 இல் பெய்ஜிங்கில் நடைபெற்ற ஆசிய விளையாட்டுப் போட்டிகளில் கபடி பதக்கப் போட்டியாகச் சேர்க்கப்பட்டது. எனினும் அதன் பின்னரும் கபடி ஆட்டங்கள் தொலைக்காட்சியில் அரிதாகவே இடம்பெற்றன.

ஆனந்த் மகிந்திரா, சாரு சர்மா ஆகியோர் தோற்றுவித்த மஷால் ஸ்போர்ட்ஸ் நிறுவனம் 2014 இல் புரோ கபடி லீக்கைத் தொடங்கியது. 8 அணிகள் பங்கேற்ற முதற் பருவத்தின் இறுதிப் போட்டியில் ஜெய்ப்பூர் பிங்க் பாந்தர்ஸ் அணி 35-24 என்ற கணக்கில் யு மும்பா அணியை வென்றது. அப்பருவத்தைத் தொலைக்காட்சியில் ஏறத்தாழ 43.5 கோடிப் பேர் கண்டதாக மதிப்பிடப்பட்டது. அவ்வாண்டில் இந்தியன் பிரீமியர் லீக் துடுப்பாட்டத் தொடர் மட்டுமே இதைவிட அதிகமான பார்வையாளர்களைப் பெற்றது. 2015 இல் ஒளிபரப்பு நிறுவனமான ஸ்டார் இந்தியா, மஷால் ஸ்போர்ட்ஸின் 74 விழுக்காட்டுப் பங்குகளை வாங்கியது. இதன் மூலம் தொடரை ஒளிபரப்பும் நிறுவனமே அதன் பெரும்பங்கு உரிமையாளராகவும் ஆனது.

தொலைக்காட்சிக்கு ஏற்ற விதிமுறைகள்

புரோ கபடியில் ஆட்டம் மண் தரையில் அன்றி, 13 மீட்டர் நீளமும் 10 மீட்டர் அகலமும் கொண்ட விரிப்பின் மேல் உள்ளரங்கில் ஆடப்படுகிறது. ஒவ்வோர் அணியிலும் எழுவர் ஆடுவர். ஆட்டம் 20 நிமிடங்கள் கொண்ட இரு பாதிகளாக நடைபெறும். பாடிச் செல்பவர் (ரெய்டர்) மூச்சுவிடாமல் பாட வேண்டும் என்ற விதி நீடிக்கும் அதே வேளையில், ஒவ்வொரு ரெய்டும் 30 நொடிகளுக்குள் முடிய வேண்டும் என்று கடிகாரத்தால் வரையறுக்கப்பட்டுள்ளது. விறுவிறுப்பைக் கூட்டும் முதன்மையான விதிகள் வருமாறு:

டூ ஆர் டை ரெய்டு: ஓர் அணி தொடர்ந்து இரண்டு ரெய்டுகளில் புள்ளி எடுக்காவிடில், மூன்றாவது ரெய்டில் கட்டாயம் புள்ளி எடுக்க வேண்டும். தவறினால் ரெய்டர் ஆட்டமிழப்பார்.

சூப்பர் டேக்கிள்: களத்தில் மூவரோ அதற்கும் குறைவானவர்களோ இருக்கும்போது ரெய்டரைப் பிடித்தால், பிடித்த அணிக்குக் கூடுதலாக ஒரு புள்ளி கிடைக்கும்.

ஆல் அவுட்: எதிரணியினர் அனைவரையும் வெளியேற்றிய அணிக்கு 2 புள்ளிகள் கூடுதலாக வழங்கப்படும்.

ரெய்டர் எதிரணியைத் தொடாமல் திரும்பி வருவதால் ஆட்டம் மந்தமாவதை முதல் விதி தடுக்கிறது. பின்தங்கிய அணி மீண்டெழ இரண்டாவது விதி வழி செய்கிறது. ஐயத்திற்குரிய தொடுதல்களை மெதுவாக ஓடும் மறுகாட்சிகளைக் கொண்டு தொலைக்காட்சி நடுவர் ஆராய்ந்து முடிவு சொல்வார்.

அணிகளும் போட்டி முறையும்

ஐந்தாவது பருவத்தில் தமிழ் தலைவாஸ், யு.பி. யோத்தா, குஜராத் ஃபார்ச்சூன் ஜயண்ட்ஸ், அரியானா ஸ்டீலர்ஸ் ஆகிய 4 புதிய அணிகள் சேர்க்கப்பட்டதால் அணிகளின் எண்ணிக்கை 12 ஆக உயர்ந்தது. அவை இரு பிரிவுகளாகப் பிரிக்கப்பட்டன.

பிரிவு அ: குஜராத் ஃபார்ச்சூன் ஜயண்ட்ஸ், புனேரி பல்டன், அரியானா ஸ்டீலர்ஸ், யு மும்பா, ஜெய்ப்பூர் பிங்க் பாந்தர்ஸ், தபாங் டெல்லி.

பிரிவு ஆ: பெங்கால் வாரியர்ஸ், பாட்னா பைரேட்ஸ், யு.பி. யோத்தா, பெங்களூரு புல்ஸ், தெலுங்கு டைட்டன்ஸ், தமிழ் தலைவாஸ்.

ஒவ்வோர் அணியும் 22 ஆட்டங்களில் ஆடியது. வெற்றிக்கு 5 புள்ளிகளும், சமனுக்கு 3 புள்ளிகளும், 7 அல்லது அதற்கும் குறைவான வேறுபாட்டில் தோற்ற அணிக்கு 1 புள்ளியும் வழங்கப்பட்டன. ஒவ்வொரு பிரிவிலும் முதல் மூன்று இடங்களைப் பெற்ற அணிகள் அடுத்த சுற்றுக்குத் தகுதி பெற்றன. முதற் பருவத்தில் 60 ஆக இருந்த மொத்த ஆட்டங்களின் எண்ணிக்கை இப்பருவத்தில் 138 ஆனது. ஐந்து வாரங்களில் முடிந்த தொடர் மூன்று மாதங்களுக்கு நீண்டது.

வீரர்களின் ஊதியமும் இக்காலத்தில் பெருகியது. 2014 ஏலத்தில் அதிக விலை பெற்ற ராகேஷ் குமாருக்குப் பாட்னா அணி 12.8 இலட்சம் ரூபாய் வழங்கியது. 2017 ஏலத்தில் நிதின் தோமரை யு.பி. யோத்தா அணி 93 இலட்சம் ரூபாய்க்கு எடுத்தது. இப்பருவத்தில் வாகையர் அணிக்கான பரிசுத் தொகை 3 கோடி ரூபாய் ஆகும்.

தமிழ் தலைவாஸ்

சென்னையைத் தலைமையிடமாகக் கொண்ட தமிழ் தலைவாஸ் அணியின் உரிமையாளர்களுள் துடுப்பாட்ட வீரர் சச்சின் டெண்டுல்கரும் ஒருவர். நடிகர் கமல்ஹாசன் அணியின் விளம்பரத் தூதராக இருந்தார். 2016 உலகக் கோப்பையை வென்ற இந்திய அணியில் சிறப்பாக ஆடிய, இமாச்சலப் பிரதேசத்தைச் சேர்ந்த அஜய் தாக்கூர் அணித்தலைவராகவும், தமிழ்நாட்டைச் சேர்ந்த கா. பாஸ்கரன் பயிற்றுநராகவும் பொறுப்பேற்றனர். 2014 இல் ஜெய்ப்பூர் அணி வாகை சூடியபோது அதன் பயிற்றுநராக இருந்தவரும் பாஸ்கரனே. தமிழ்நாட்டு வீரரான கே. பிரபஞ்சன் அணியின் ரெய்டர்களுள் ஒருவராக ஆடினார்.

பருவத்தின் முதல் ஆட்டத்திலேயே தமிழ் தலைவாஸ் 27-32 என்ற கணக்கில் தெலுங்கு டைட்டன்ஸிடம் தோற்றது. முடிவில் தன் பிரிவில் கடைசி இடத்தையே பெற்றது. தஞ்சாவூர் மாவட்டத்தைச் சேர்ந்தவரும், 2016 இல் பாட்னா அணி இரண்டாம் முறை பட்டம் வென்றபோது அதன் தலைவராக இருந்தவருமான தர்மராஜ் சேரலாதன், இப்பருவத்தில் புனேரி பல்டன் அணிக்காக ஆடினார். வீரர்கள் ஏலத்தின் மூலம் தேர்ந்தெடுக்கப்படுவதால் அணியின் பெயருக்கும் வீரரின் சொந்த ஊருக்கும் தொடர்பு இருக்க வேண்டியதில்லை.

இறுதிச் சுற்றுகள்

வெளியேற்று ஆட்டம் ஒன்றில் பாட்னா அணி 69-30 என்ற கணக்கில் அரியானா ஸ்டீலர்ஸை வென்றது. அதில் பாட்னா அணித்தலைவர் பர்தீப் நர்வால் தனியொருவராக 34 ரெய்டுப் புள்ளிகள் எடுத்தார். 2019 இல் பவன் செராவத் 39 புள்ளிகள் எடுத்து இதைக் கடந்தார். பாட்னா பின்னர் புனேரி பல்டனை 42-32 என்றும், பெங்கால் வாரியர்ஸை 47-44 என்றும் வென்று இறுதிப் போட்டியை அடைந்தது. குஜராத் அணி பெங்கால் வாரியர்ஸை 42-17 என்று வென்று நேரடியாக இறுதிக்குச் சென்றிருந்தது.

இறுதிப் போட்டி சென்னை நேரு உள்விளையாட்டரங்கில் நடைபெற்றது. குஜராத் அணியின் பயிற்றுநர் மன்பிரீத் சிங், 2016 இன் தொடக்கத்தில் பாட்னா முதன்முறை பட்டம் வென்றபோது அவ்வணியின் தலைவராக இருந்தவர். இப்போட்டியில் பர்தீப் நர்வால் 19 புள்ளிகள் எடுத்தார். பருவம் முழுவதும் அவர் எடுத்த ரெய்டுப் புள்ளிகள் 369 ஆகும். ஒரு பருவத்தில் 300 ரெய்டுப் புள்ளிகளைக் கடந்த முதல் வீரர் இவரே.

தொலைக்காட்சி ஒளிபரப்பு

ஆட்டங்களை ஸ்டார் ஸ்போர்ட்ஸ் அலைவரிசைகள் நேரடியாக ஒளிபரப்பின. இணையத்தில் ஹாட்ஸ்டார் வழியாகக் காண முடிந்தது. 2017 மே 28 அன்று தொடங்கப்பட்ட ஸ்டார் ஸ்போர்ட்ஸ் 1 தமிழ் அலைவரிசை, கபடி ஆட்டங்களைத் தமிழ் வர்ணனையுடன் வழங்கியது. வர்ணனையில் ரெய்டு, டேக்கிள், போனஸ் போன்ற சொற்கள் அவ்வாறே பயன்படுத்தப்பட்டமையால், மண் தரையில் ஆடும் இளைஞர்களிடையேயும் அச்சொற்கள் பரவலாயின.

ஓர் ஆட்டம் இடைவேளை உட்பட ஒரு மணி நேரத்திற்குள் முடிந்துவிடும். ஆகவே மக்கள் அதிகமாகத் தொலைக்காட்சி காணும் மாலை, இரவு வேளையில் ஒன்றன்பின் ஒன்றாக இரண்டு ஆட்டங்களை ஒளிபரப்ப இயன்றது. கைபேசி நிறுவனமான விவோ, ஐந்து ஆண்டுகளுக்கு ஏறத்தாழ 300 கோடி ரூபாய்க்கு 2017 இல் தொடரின் முதன்மை விளம்பர உரிமையைப் பெற்றது.

பின்னைய நிகழ்வுகள்

2021 முதல் 2025 வரையிலான ஐந்து பருவங்களின் ஒளிபரப்பு உரிமையை ஸ்டார் இந்தியா ஏறத்தாழ 908 கோடி ரூபாய்க்குத் தக்கவைத்தது. கொரோனாப் பெருந்தொற்றால் 2020 இல் தொடர் நடைபெறவில்லை. 2021 திசம்பரில் தொடங்கிய எட்டாவது பருவம் முழுவதும் பெங்களூரில் பார்வையாளர் இன்றி நடத்தப்பட்டது. ஊர்த் திடலில் கூட்டம் சூழ ஆடப்பட்ட விளையாட்டு, ஒளிப்படக்கருவிகளின் முன் மட்டுமே நடந்தாலும் நிலைக்கக்கூடிய தொழிலாக மாறியிருந்ததை அப்பருவம் காட்டியது.

தமிழ் தலைவாஸ் அணி 2022 இல் ஒன்பதாவது பருவத்தில் முதன்முறையாக அரையிறுதியை எட்டி, 37-39 என்ற கணக்கில் புனேரி பல்டனிடம் தோற்றது.