அளந்து பார்க்காத மலை

எங்கள் வந்தவாசிப் பக்கத்தில் பொன்னூர் மலை இருக்கிறது. அதன் மேல் ஆசாரிய குந்தகுந்தரின் பாதச்சுவடு. ஆனாலும் மலைக்கு அவர் பெயர் இல்லை, ஊர்ப் பெயர்தான். மேல்நாட்டார் வழக்கம் வேறு. மதிப்புக்குரியவர் பெயரை மலைக்கே சூட்டிவிடுவார்கள். அப்படித் தாவரவியல் அறிஞர் இருவரின் பெயரைச் சுமக்கும் இரண்டு சிகரங்களின் கதை சுவையானது. நமக்குப் பாடமும் ஆனது.

டேவிட் டக்ளஸ் என்பவர் ஸ்காட்லாந்துக்காரர். செடி, விதை சேகரிக்க வட அமெரிக்கா சென்றவர். 1827 மே 1 அன்று, கனடாவின் ராக்கி மலைத்தொடரில் அதபாஸ்கா கணவாயைக் கடக்கும்போது பக்கத்துச் சிகரம் ஒன்றில் பனியில் நடந்தே ஏறிவிட்டார். அதற்கு ராபர்ட் பிரவுன் பெயரை வைத்தார். மகரந்தத்துக்குள் இருந்த நுண்துகள்களின் ஓயாத அசைவை அதே ஆண்டு நுண்ணோக்கியில் கண்ட அறிஞர் இவர். எதிரே இருந்த சிகரத்துக்குத் தம் ஆசான் வில்லியம் ஹூக்கரின் பெயர். நம் தென்னாட்டுச் செடிகளை ஆராய்ந்த ராபர்ட் வைட் அனுப்பிய படங்களை அச்சிட்டு உலகறியச் செய்தவரும் இதே ஹூக்கர்தான்.

பெயர் வைத்ததில் குற்றமில்லை. உயரம் சொன்னதில்தான் வந்தது வினை. பிரவுன் சிகரம் 16,000 அடி, ஹூக்கர் சிகரம் 15,700 அடி என்று வரைபடத்தில் ஏறிவிட்டது. வட அமெரிக்காவிலேயே மிக உயரமானவை இவைதான் என்று பல காலம் நம்பினார்கள். 1893-இல் டொராண்டோ பேராசிரியர் ஆர்தர் கோல்மன் தேடிப் போய்ப் பார்த்தார். பிரவுன் சிகரம் சுமார் 9,000 அடிதான்! ஹூக்கர் சிகரம்கூட 10,800 அடிக்குள்தான்.

டக்ளஸ் பொய்யரா? அப்படிச் சொல்ல முடியாது. கணவாயே 11,000 அடி உயரம் என்று அக்காலத்தில் ஒரு தவறான கணக்கு புழக்கத்தில் இருந்தது. உண்மையில் அது 6,000 அடிகூட இல்லை. அந்த அடிக்கணக்கின் மேல் அவர் தம் ஏற்றத்தைக் கூட்டியிருப்பார் என்பது ஆய்வாளர் தரும் விளக்கம். அடிமூட்டை தப்பானால் மேல்மூட்டை நிற்குமா?

இதைப் படித்தபோது எனக்குச் சுருக்கென்றது. வாஷி மார்க்கெட்டில் இத்தனை வருஷம், சீட்டில் எழுதிய எடையை நம்பி நான் பணம் கொடுத்ததில்லை. தராசில் ஏற்றித்தான் கொடுப்பேன். அதே நான், நெருளில் நம் பிள்ளைகளிடம் தென்னிந்தியாவிலேயே உயரமான மலை நம்ம தொட்டபெட்டா என்று பெருமையாகச் சொல்லி வந்தேன். "இல்லை தாத்தா, கேரளாவின் ஆனைமுடிதான்" என்றாள் பேத்தி. புத்தகத்தை எடுத்துப் பார்த்தேன். ஆனைமுடி 2,695 மீட்டர், தொட்டபெட்டா 2,637 மீட்டர். தமிழ்நாட்டில்தான் அது முதலாவது. 58 மீட்டர் பெருமையை நானாகக் கூட்டியிருக்கிறேன்.

ஊரை விட்டு வந்தவர்களுக்கு ஊர் மலை கொஞ்சம் உயரமாகத்தான் தெரியும். ஆனால் நாம் சொல்வதைத்தான் பிள்ளைகள் தமிழகம் என்று எடுத்துக்கொள்கிறார்கள். ஒரு பொய்யைப் பிடித்துவிட்டால் ஒன்பது மெய்யையும் நம்ப மாட்டார்கள். அளவு குறைந்தபின்னும் பிரவுன், ஹூக்கர் பெயர்கள் அந்த மலைகளில் அப்படியே இருக்கின்றன. உள்ளதைச் சொன்னால் நம் பெருமையும் குறையாது.