ரின்னில் அடைபடுவதற்கு முன்: பொஸ்டன் பீன்ஸின் கதையும் செய்முறையும்

லண்டனிலிருந்து விடுமுறைக்கு வரும் பிள்ளைகள் காலையில் பாணோடு தேடுவது, தக்காளிச் சாற்றில் மிதக்கும் ‘பேக்ட் பீன்ஸ்’. பெயரில் வெதுப்பல் இருந்தாலும் இன்று அது ரின்னுக்குள்ளேயேதான் வேக வைக்கப்படுகிறது. உண்மையாகவே வெதுப்பிய உணவு அமெரிக்காவின் பொஸ்டன் நகரத்துக்குரியது. அதில் தக்காளியே கிடையாது.

இதற்குரிய விதை சிறிய வெள்ளைப் போஞ்சி விதை. நுவரெலியாவிலிருந்து எமது சந்தைக்கு வரும் பச்சைப் போஞ்சியும் அதே இனம்தான். வடகிழக்கு அமெரிக்காவின் பூர்வகுடிகள் இதைச் சோளனோடும் பூசணியோடும் ஒரே நிலத்தில் பயிரிட்டார்கள். குழி தோண்டி, தணலிட்டு, பானையைப் புதைத்து விதையை வேக வைக்கும் வழக்கம் மேய்ன் மாநிலத்தில் இன்றும் உண்டு.

பின்னர் அங்கு குடியேறிய பியூரிட்டன் கிறிஸ்தவர்களுக்கு ஓய்வுநாளில் சமைப்பது தடை. அதனால் சனிக்கிழமை அடுப்பேற்றிய பானை ஞாயிறு வரை சூடாக இருந்தது. இனிப்புக்குச் சேர்த்தது கரும்புப் பாணி. கரீபியன் தீவுகளில் அடிமைகளாக்கப்பட்ட ஆபிரிக்கர்களின் உழைப்பில் விளைந்த பாணி அது. அதிலிருந்து வடித்த ரம் மீண்டும் அடிமை வாணிபத்துக்கே போனது. ஓர் இனத்தின் நிலமும் இன்னோர் இனத்தின் வியர்வையும் இந்தப் பானைக்குள் இருக்கின்றன. நிலம் இழந்த எமக்கு இதை விளக்கிச் சொல்லத் தேவையில்லை.

தக்காளி ரின் பிறகு வந்தது. ஹைன்ஸ் நிறுவனத்தின் ரின்கள் 1886இல் லண்டனில் விற்பனைக்கு வந்தன.

வீட்டில் செய்ய: விதை 500 கிராம், கரும்புப் பாணி மூன்றிலொரு கோப்பை, வெங்காயம் ஒன்று, கடுகுத்தூள் ஒரு தேக்கரண்டி, மிளகுத்தூள், உப்பு. பொஸ்டனில் உப்பிட்ட பன்றிக் கொழுப்பும் போடுவார்கள். வேண்டாதவர்கள் இரண்டு மேசைக்கரண்டி எண்ணெய் விடலாம். கரும்புப் பாணி கிடைக்காவிட்டால் கித்துள் பாணி உதவும். ஆனால் அந்த இலேசான கசப்பு வராது.

விதையை இரவு முழுவதும் ஊறவைத்து, அந்த நீரைக் கொட்டிவிடுங்கள். புதுநீரில் போட்டு, குறைந்தது 10 நிமிடம் நன்றாகக் கொதிக்க விடுங்கள். இந்தப் படியைத் தவிர்க்கக்கூடாது. போஞ்சி விதையில் இயற்கையாகவே ஒரு நச்சுப் புரதம் உண்டு. சிவப்பு விதையில் அது அதிகம். கொதிநிலைக்குக் கீழான சூட்டில் மெல்ல வேகவைத்தால் அது அழியாது. கடும் வாந்தியும் வயிற்றோட்டமும் வரும். தண்ணீரும் மருந்தும் தூரத்தில் இருக்கும் வீட்டில் இது சிறிய விஷயமல்ல.

பிறகு விதை நசிபடும் பதம் வரும்வரை அவியுங்கள். பாணியை முன்கூட்டியே விட்டால் விதை மென்மையாகாது. பாணியிலுள்ள அமிலமும் கல்சியமும் தோலை இறுக்கிவிடும்.

பதம் வந்ததும் மற்றவற்றைக் கலந்து மூடியுள்ள மண்பானையில் இடுங்கள். விதை மூழ்குமளவு சுடுநீர் விட்டு, ஓவனில் 150 பாகை செல்சியஸில் ஐந்து மணித்தியாலம் வையுங்கள். ஓவன் இல்லையென்றால் மெல்லிய தணலில் வைத்து, மூடியின் மேலும் கொஞ்சம் தணல் போடுங்கள். இடையிடையே நீர் வற்றுகிறதா என்று பாருங்கள். கடைசி அரைமணிக்கு மூடியைத் திறந்துவிட்டால் சாறு தடித்துக் கறுக்கும்.

மிஞ்சியதைக் குளிரூட்டியில் வைத்து மறுநாள் நன்றாகச் சூடாக்கிச் சாப்பிடுங்கள். ருசி இன்னும் கூடியிருக்கும்.