இல்லத்தில் ஊழியர் அடித்தால் நிர்வாகம் கைகழுவ முடியுமா?

ஜோர்ஜ்டவுன்: மாற்றுத்திறனாளிப் பிள்ளையை நம்பி ஒரு பராமரிப்பு இல்லத்தில் விடுகிறோம். அங்குள்ள ஊழியர் அடித்துவிட்டார். "அது அவர் செய்த தப்பு, வேலையிலிருந்து நீக்கிவிட்டோம்" என்கிறது நிர்வாகம். விஷயம் அத்தோடு முடிந்ததா?

இல்லை. முதலாளியிடமும் இழப்பீடு கேட்கலாம். இதற்கு வழிகாட்டும் தீர்ப்பு பினாங்குச் சம்பவம் ஒன்றிலிருந்தே வந்தது.

2016 டிசம்பர் 1ஆம் தேதி, துன் டாக்டர் லிம் சோங் இயூ விரைவுச்சாலையில் ஒரு மெய்க்காவலர், தாம் காக்க வேண்டிய தொழிலதிபரையே சுட்டுக் கொன்றார். சாலையில் இருந்தவர்களையும் சுட்டார். காயமடைந்த ஒருவர், காவலரின் முதலாளியான ஜிஎம்பி கைசார் பாதுகாப்பு நிறுவனத்தின் மீது வழக்குத் தொடுத்தார். சுடும்படி நிறுவனம் சொல்லவில்லைதான். ஆனாலும் நிறுவனமும் பொறுப்பு என 2022இல் கூட்டரசு நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

அளவுகோல் என்ன?

கொடுத்த வேலைக்கும் நடந்த குற்றத்துக்கும் நெருங்கிய தொடர்பு உண்டா என்பதே கேள்வி. இந்த அளவுகோலை 2001இல் பிரிட்டன் பிரபுக்கள் சபை லிஸ்டர் வழக்கில் வகுத்தது. அது ஒரு விடுதி வழக்கு. உணர்வு, நடத்தைச் சிக்கல்கள் கொண்ட சிறுவர்களை அங்கே வார்டனே பாலியல் கொடுமை செய்தார். பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ளும் கடமையை நிர்வாகம் அவரிடம் ஒப்படைத்திருந்ததால், அவருடைய முதலாளியும் பொறுப்பானார்.

குளிப்பாட்டுவது, ஊட்டுவது, மருந்து கொடுப்பது ஆகியவை பராமரிப்பாளரின் வேலை. அந்த வேலையில் அவர் கை நீட்டினால் தொடர்பு தெளிவு. அங்கே வேலை செய்கிறார் என்பது மட்டும் போதாது. புல் வெட்ட வந்தவர் அறைக்குள் புகுந்து அடித்தால் நிலைமை வேறு.

ஆனால் முந்தைய புகார்களைக் கண்டுகொள்ளாமல் விட்டது, போதிய ஆள் வைக்காதது போன்றவை நிர்வாகத்தின் சொந்தக் கவனக்குறைவு. அதற்கும் தனியே வழக்குத் தொடுக்கலாம்.

தண்டனை வேறு, இழப்பீடு வேறு

டவுன் சிண்ட்ரோம் உள்ள சிறுமி பெல்லாவைக் கொடுமைப்படுத்திய வழக்கில், 'ரூமா போண்டா' நிறுவனர் சித்தி பைனுனுக்கு 2023 மே மாதம் செஷன்ஸ் நீதிமன்றம் 12 ஆண்டுச் சிறை விதித்தது. அது குற்றவியல் வழக்கு. சிகிச்சைச் செலவுக்கும் வேதனைக்கும் இழப்பீடு கேட்பது சிவில் வழக்கு.

குடும்பம் செய்ய வேண்டியவை

• உடனே போலீஸ் புகார் செய்யுங்கள். அரசு மருத்துவமனையில் பரிசோதனை செய்து அறிக்கை பெறுங்கள். காயங்களைத் தேதியுடன் படம் எடுத்து வையுங்கள்.

• சமூக நல இலாகாவிடம் புகார் கொடுங்கள். 15999 தாலியான் காசே எண்ணிலும் தெரிவிக்கலாம். நால்வர் அல்லது அதற்கு மேற்பட்டோர் தங்கும் இல்லம் 1993ஆம் ஆண்டு பராமரிப்பு மையச் சட்டத்தின்கீழ் பதிவு பெற்றிருக்க வேண்டும். அதையும் கேளுங்கள்.

• தீபகற்ப மலேசியாவில் இத்தகைய வழக்குக்குப் பொதுவாக 6 ஆண்டு காலம் உண்டு. சிறுவர்களுக்கும் மனநலத் திறன் இழந்தவர்களுக்கும் சட்டம் கூடுதல் காலம் தருகிறது. அவர்கள் சார்பில் பெற்றோரோ உறவினரோ வழக்கை நடத்தலாம். அரசு இல்லம் என்றால் 36 மாதம்தான். வழக்கறிஞரைச் சீக்கிரம் பாருங்கள்.

• "எது நடந்தாலும் இல்லத்தின் மீது வழக்குப் போட மாட்டோம்" என்று சேர்க்கும்போது கையெழுத்துப் போட்டீர்களா? பயப்பட வேண்டாம். நீதிமன்றம் செல்லும் உரிமையை முற்றாகப் பறிக்கும் நிபந்தனை 1950ஆம் ஆண்டு ஒப்பந்தச் சட்டத்தின் 29ஆவது பிரிவின்படி செல்லாது.

வாய் திறந்து சொல்ல முடியாத பிள்ளைக்காக முதலில் பேச வேண்டியது குடும்பம்தான். அடித்தவரின் பெயரோடு அவரை வேலைக்கு வைத்தவரின் பெயரையும் புகாரில் எழுதுங்கள்.